சுங்கை சிப்புட்டும் பழஞ்சுருள்களின் சாட்சியமும்

கேள்வி

1948ஆம் ஆண்டு ஜூன் மாதம் 16ஆம் தேதி காலை எட்டரை மணியளவில், பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் வட்டாரத்திலுள்ள எல்பில் தோட்டத்து ஆபீசுக்குச் சைக்கிளில் வந்திறங்கிய மூவர், அதன் நிர்வாகியாகிய ஆர்தர் வாக்கரைச் சுட்டுக் கொன்றார்கள். ஏறக்குறைய அரைமணி நேரத்துக்கெல்லாம், அதே வட்டாரத்தின் வேறொரு தோட்டத்தில் ஜான் அல்லிசன் என்னும் நிர்வாகியும், இயன் கிறிஸ்டியன் என்னும் இளம் உதவி நிர்வாகியும் அவ்வாறே மாண்டார்கள். அன்றே பேராக்கிலும் ஜொகூரிலும் சில பகுதிகளுக்கு அவசரகாலம் பிரகடனமாயிற்று. 18ஆம் தேதி அது மலாயாக் கூட்டரசு முழுவதற்கும் விரிந்து, 1960ஆம் ஆண்டு ஜூலை 31 வரை, பன்னிரண்டு ஆண்டுகள் நீடித்தது. ஈப்போவுக்கு வடக்கே கோலகங்சாருக்குப் போகும் சடக்கில் உள்ள ஒரு சிறு பட்டணத்தின் பெயர் உலக சரித்திர நூல்களில் இடம்பெற்றது இவ்விதமே.

அந்தக் காலை நேரத்தை எந்தச் சினிமாக் காமிராவும் பதிவு செய்யவில்லை. ஆயினும் இந்தச் சரித்திரத்தைச் சொல்ல முற்படும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளும் ஆவணப்படங்களும், அந்தத் தேதிக்கு வந்து சேர்ந்தவுடன், ரப்பர்க் காட்டினூடே நடந்து செல்லும் சிப்பாய்களையும், முள்வேலியையும், பால்மரம் வெட்டும் ஒரு தமிழ்ப் பெண்ணின் கையையும் கறுப்பு வெள்ளையில் காட்டுகின்றன. பின்னணிக் குரலோ சுங்கை சிப்புட் என்கிறது. பார்ப்பவர், தாம் சுங்கை சிப்புட்டையே கண்டதாக நம்பி எழுந்து செல்கிறார். அவர் உண்மையில் கண்டது எதனை? வேறோரிடத்தில், வேறொரு நாளில், வேறொருவருடைய பிரயோஜனத்துக்காக எடுக்கப்பட்ட பழஞ்சுருள் இன்றைய ஆவணப்படத்தில் எதற்குச் சாட்சியாக நிற்கத்தக்கது? இக்கட்டுரை எடுத்துக்கொள்ளும் விஷயம் இது ஒன்றே.

நிலவும் அபிப்பிராயங்கள்

பழஞ்சுருளைப் பற்றி மூன்றுவிதமான அபிப்பிராயங்கள் வழங்கி வருகின்றன. முதலாவது, காமிரா பொய் சொல்லாது என்பது. தொலைக்காட்சி நிலையங்களின் அன்றாடப் பழக்கம் இந்த நம்பிக்கையின் மேலேயே நடைபெறுகிறது. 'மலாயா, ரப்பர், சிப்பாய்கள்' என்ற மூன்று சொற்களை அட்டவணையில் தேடி, கிடைத்த துண்டை விளக்கவுரையின் நீளத்துக்கு வெட்டி ஒட்டிவிட்டால் வேலை முடிந்தது என்று கருதுவோர் இன்றும் பலர்.

இரண்டாவது அபிப்பிராயம் இதற்கு நேர்மாறானது. அவசரகாலச் சுருள்கள் யாவும் ஆட்சியாளரின் பிரசாரம். ஆகையால் அவற்றைத் தொடாமல் விடுவதே நேர்மை என்பது அது. 2006ஆம் ஆண்டில் அமிர் முகம்மது எடுத்த 'லெலாகி கொமுனிஸ் தெராக்கிர்' என்ற படம், மலாயாக் கம்யூனிஸ்டுக் கட்சியின் தலைவர் சின் பெங்கின் வாழ்க்கை கடந்துபோன ஊர்களின் வழியே பிரயாணம் செய்தபோதிலும், பழைய செய்திப்படங்களின் உதவியை நாடாமல், அந்த ஊர்களில் இன்று வாழ்கின்றவர்களின் பேச்சையும் பாட்டையுமே கொண்டு அமைந்தது. தணிக்கைக் குழு முதலில் அனுமதித்த அப்படத்தை, அவ்வாண்டு மே மாதத்தில் உள்துறை அமைச்சு தடை செய்தது. அவருடைய முறையின் அழகை நான் மறுக்கவில்லை. ஆனால் அம்முறை, பழஞ்சுருளை விசாரிக்கும் வேலையைச் செய்யாமல் ஒத்திவைக்கிறதே தவிர, முடித்துவைக்கவில்லை.

மூன்றாவது, ஆராய்ச்சியாளர்களின் வழி. சூசன் கரூதர்ஸ் 1995இலும், குமார் ராமகிருஷ்ணா 2002இலும் அவசரகாலப் பிரசாரத்தைப் பற்றி விரிவான நூல்களை வெளியிட்டார்கள். தென்கிழக்காசியாவில் பிரிட்டிஷ் அரசாங்கம் எடுத்த படங்களை இயன் எய்ட்கன் 2016இல் தனி நூலாக ஆராய்ந்தார். அரசாங்கப் படப்பிரிவாகிய பிலிம் நெகாராவில் பணிபுரிந்த ஹசான் முத்தலிப், மலேசியத் திரைப்பட சரித்திரத்தை உள்ளிருந்து எழுதினார். இவர்கள் சுருளை நிகழ்ச்சியின் பிம்பமாகக் கொள்ளாமல், அதனைத் தயாரித்த ஸ்தாபனத்தின் செயலாகக் கொள்கிறார்கள். நானும் இப்பக்கமே நிற்கிறேன். ஆயினும் ஒரு குறை சொல்லவேண்டும்: இந்நூல்களின் கண் பெரும்பாலும் அரசாங்கத்தின் மேலேயே பதிந்திருக்கிறது, படச்சட்டத்தின் ஓரத்தில் வாளியுடன் நின்ற தோட்டத் தமிழரின் மேல் அது சற்று நேரம்கூடத் தங்குவதில்லை.

ஒரே படம், பல குரல்கள்

அவசரகாலச் சுருள்கள் இரண்டு ஊற்றுக்களிலிருந்து நமக்குக் கிடைக்கின்றன. ஒன்று, லண்டனிலிருந்து இயங்கிய செய்திப்படக் கம்பெனிகள். மற்றொன்று, யுத்தம் முடிந்த மறுவருஷமாகிய 1946இல் கோலாலம்பூரில் தொடங்கப்பட்ட மலாயன் பிலிம் யூனிட் என்னும் அரசாங்கப் படப்பிரிவு. இதுவே பிற்காலத்தில் பிலிம் நெகாரா மலேசியாவாகி, 2013இல் தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகமாகிய பினாசுடன் இணைந்தது.

இந்தப் படப்பிரிவு, தான் எடுத்த படங்களை நடமாடும் சினிமா வண்டிகளில் ஏற்றிக் கம்பங்களுக்கும் புதுக்கிராமங்களுக்கும் தோட்டங்களுக்கும் அனுப்பிற்று. மாலையில் பெரட்டுக்களத்திலோ, கோவில் திடலிலோ வெள்ளைத் துணியைக் கட்டி, லயத்து ஜனங்களைத் தரையில் உட்காரவைத்துப் படம் காட்டினார்கள். படம் ஒன்றே, ஆனால் அதற்கு மலாய், சீன மொழிகள், தமிழ், ஆங்கிலம் என வெவ்வேறு விளக்கவுரைகள் சேர்க்கப்பட்டன. தோட்டத் தமிழன் கேட்டது தமிழ்க் குரலையே.

இதன் முக்கியத்துவத்தை ஆவணப்படம் எடுப்போர் போதிய அளவு சிந்திக்கவில்லை என்பது என் துணிபு. இன்று நாம் சுருளைத் தேடும்போது நமக்கு எளிதில் எட்டுவது ஆங்கில விளக்கவுரை கொண்ட பிரதியே. அதைக் கேட்டுவிட்டு, அரசாங்கம் தோட்டத் தொழிலாளிக்குச் சொன்னது இது என்று நாம் எழுதிவிடுகிறோம். அது தவறு; ஆங்கிலக் குரல், ஆங்கிலம் அறிந்தோருக்குச் சொல்லப்பட்டது. 'துரை' என்ற சொல்லைத் தமிழ்க் குரல் எவ்விதம் உச்சரித்தது, காட்டில் இருந்த கம்யூனிஸ்டுப் போராளிகளை எப்பெயரால் அழைத்தது, தொழிற்சங்கத்தைப் பற்றி ஏதாவது சொன்னதா, அல்லது அந்த இடத்தில் சங்கீதத்தை மட்டும் ஒலிக்கவிட்டதா என்பனவெல்லாம் தமிழ் ஒலித்தடத்தைத் தேடிக் கேட்டாலன்றித் தெளியா. ஆகவே இத்துறையில் இறங்கும் தமிழர் எவரும், அட்டவணையில் ஒரு படத்தின் பெயரைக் கண்டதும், அதன் தமிழ்ப் பிரதி எங்கே என்ற கேள்வியையே முதலில் கேட்கவேண்டும். படம் இருப்பது போதும் என்று திருப்தியடைந்துவிடலாகாது.

லண்டன் கம்பெனிகளின் கதை வேறுவகை. அவற்றின் காமிராக்காரர்கள் கையில் ஏந்திய ஐமோ போன்ற கருவியில் நூறு அடிச் சுருளே கொள்ளும். வினாடிக்கு இருபத்துநான்கு சட்டம் ஓடினால் அது ஒரு நிமிஷத்துக்குச் சற்று மேலான நேரத்தில் தீர்ந்துபோகும். சாவி கொடுத்து இயக்கும் அக்கருவிக்கு ஒலி கிடையாது. நாம் இன்று கேட்கும் துப்பாக்கிச் சத்தமும், இலைச் சலசலப்பும், பாண்டு வாத்தியமும் பெரும்பாலும் பிற்பாடு கலைக்கூடத்தில் சேர்க்கப்பட்டவை. எனவே, பழஞ்சுருளில் காட்சி ஓரளவு சாட்சியமாகலாம், ஒலி சாட்சியமாகாது. இந்த ஒரு நியதியைக் கடைப்பிடித்தாலே பாதிப் பிழைகள் நீங்கும்.

சுருளை விசாரித்தல்

ஒரு துண்டின் தேதியையும் இடத்தையும் நிச்சயிக்க முதல் ஆதாரம், காமிராக்காரர் சுருளுடன் அனுப்பிய குறிப்புத்தாள். அது கிடைக்காதபோது துண்டுக்குள்ளேயே தடயம் தேடவேண்டியிருக்கிறது. விளக்கவுரையின் சொற்கள் ஒரு தடயம்: ஆட்சியாளர் காட்டிலிருந்தவர்களை முதலில் 'கொள்ளைக்காரர்' என்றே குறிப்பிட்டுவந்து, 1952இல் 'கம்யூனிஸ்டுப் பயங்கரவாதிகள்' என்று உத்தியோகபூர்வமாகப் பெயர் மாற்றினார்கள். ஆகவே பழைய சொல்லை வழங்கும் விளக்கவுரை பெரும்பாலும் அதற்கு முந்தியது. முள்வேலி இன்னொரு தடயம்: 1950இல் வகுக்கப்பட்ட பிரிக்ஸ் திட்டத்தின்படியே ஐந்து லட்சத்துக்கு மேற்பட்டோர் புதுக்கிராமங்களுக்குக் குடிபெயர்க்கப்பட்டார்கள்; தோட்டத்து லயங்களும் வேலிக்குள் திரட்டப்பட்டன. கோபுரக் காவலும் இரட்டை வேலியும் உள்ள காட்சியை 1948 ஜூன் மாதத்துக்கு விளக்கமாகப் போடுகிறவர், இரண்டு ஆண்டுகளுக்கும் மேற்பட்ட சரித்திரத்தை ஒரே வெட்டில் அழித்துவிடுகிறார்.

மூன்றாவது தடயம், தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்கே உரியது. பால் அதிகமாகச் சுரப்பது விடியற்காலையில். வெயில் ஏற ஏறச் சுரப்பு குறையும். இருட்டோடு பெரட்டுக்கு நின்று, விடியுமுன் நிரைக்குப் போய், மங்கு கவிழ்த்து, மரம் வெட்டி, வெயில் ஏறுவதற்குள் காண்டா வாளியுடன் ஸ்டோருக்கு வருவதே முறை. அந்தக் காலத்துச் சுருளோ மந்தமானது. ரப்பர் இலைகளின் நிழலில், விடியற்கால வெளிச்சத்தில் அதனைக் கொண்டு படம் பிடிப்பது எளிதன்று. ஆகையால், நல்ல வெயிலில் ஒரு பெண் நிதானமாக மரம் வெட்டுவதையும், பால் மங்கில் தாராளமாகச் சொட்டுவதையும் காணும்போது, இது காமிராவுக்காக மறுபடி செய்து காட்டியதோ என்று ஐயுறுவது நியாயமே.

எனினும் இந்த ஐயத்தை எல்லை மீறிக் கொண்டுபோகலாகாது. அவசரகாலத்தில் பல இடங்களில் ஊரடங்குச் சட்டம் இருந்தபடியால், குறித்த நேரம் வரும்வரை வேலியின் கதவு திறக்கப்படவில்லை; கையில் சோறு இருக்கிறதா என்று ஒவ்வொருவரையும் சோதித்த பிறகே காட்டுக்கு அனுப்பினார்கள். அந்நாட்களில் நேரம் கடந்து மரம் வெட்டியிருக்கக் கூடும். ஆக, அதே வெயில் ஒரு விதத்தில் நடிப்புக்குச் சான்று. மற்றொரு விதத்தில் அடக்குமுறைக்குச் சான்று. இரண்டில் எது என்பதை, அந்த நிரையில் வேலை செய்த முதியவர் ஒருவரை அருகில் வைத்துக்கொண்டு பார்த்தால்தான் தீர்மானிக்க இயலும். ஆராய்ச்சி மண்டபத்தில் தனியே உட்கார்ந்து தீர்க்கக்கூடிய காரியமல்ல இது.

இடத்தைக் கண்டறிவதில் மரமோ நம்மைக் கைவிட்டுவிடும். 1877இல் சுங்கை சிப்புட்டுக்கு அண்மையிலுள்ள கோலகங்சாரில் நடப்பட்ட ஒன்பது ரப்பர்க் கன்றுகளுக்கும், இலங்கைக்குச் சென்ற கன்றுகளுக்கும் பூர்வீகம் ஒன்றே. 1952இல் கென் அன்னாக்கின் இயக்கிய 'தி பிளான்டர்ஸ் வைஃப்' என்ற கதைப்படம், மலாயாத் தோட்டத்துத் துரை குடும்பம் ஒன்று தாக்கப்படுவதைச் சித்திரிக்கிறது. மலாயாவில் ஆபத்து மிகுந்திருந்தமையால் வெளிப்புறக் காட்சிகளில் பலவற்றை இலங்கையிலே எடுத்தார்கள். அந்த ரப்பர்க் காட்டையும் பேராக்கின் ரப்பர்க் காட்டையும் திரையில் பிரித்தறிவது கடினம். கதைப்படத்தின் துண்டு ஒன்று தலைப்பு நீங்கி, கைமாறி, 'மலாயா 1948' என்ற சீட்டுடன் ஓர் ஆவணப்படத்துக்குள் நுழைந்துவிட்டால் அதைத் தடுக்க மரத்தால் ஆகாது.

முன்னோடி ஒருவர்

இத்துறையில் தமிழருக்கு முன்மாதிரி இல்லை என்று யாரும் சொல்லவேண்டாம். ஏ. கே. செட்டியார் 1930களின் பிற்பகுதியில் மகாத்மா காந்தியைப் பற்றிய படத்துக்காக நான்கு கண்டங்களில் லட்சம் மைல் பிரயாணம் செய்து, ஏறத்தாழ முப்பது ஆண்டுக் காலத்தில் சுமார் நூறு காமிராக்காரர்கள் எடுத்திருந்த ஐம்பதினாயிரம் அடிச் சுருளைத் திரட்டி, அதனைப் பன்னீராயிரம் அடியாகத் தொகுத்து, 1940இல் தமிழில் வெளியிட்டார். தந்தியும் கப்பலும் தவிர வேறு சாதனமில்லாத காலத்தில், ஒரு தமிழர் உலகத்தின் சுருள் கிடங்குகளை ஒவ்வொன்றாகத் தட்டித் திறந்தார் என்பதை எண்ணும்போது உள்ளம் பூரிக்கிறது. அதே செட்டியாரின் தமிழ்ப் படம் பின்னர் நெடுங்காலம் கிடைக்காமல் மறைந்துபோனதையும், சுருக்கப்பட்ட ஆங்கில வடிவம் ஓர் அமெரிக்கப் பல்கலைக்கழகத்தில் இருந்து மீட்கப்பட்டதையும் நினைக்கும்போது அந்தப் பூரிப்பு அடங்கிவிடுகிறது. சுருளைத் தேடித் தொகுத்தவரின் சுருளையே நாம் பாதுகாக்கவில்லை.

பாலிங்கும் சுங்கை சிப்புட்டும்

1955ஆம் ஆண்டு டிசம்பர் 28, 29 ஆகிய தேதிகளில் கெடா மாநிலத்துப் பாலிங்கில், துங்கு அப்துல் ரஹ்மானும் டேவிட் மார்ஷலும் தான் செங் லோக்கும் அரசாங்கத் தரப்பில் ஒருபுறமும், சின் பெங், ரஷீத் மைதீன், சென் தியென் ஆகியோர் கம்யூனிஸ்டுக் கட்சியின் சார்பில் மறுபுறமுமாக அமர்ந்து, சண்டையை முடிப்பது பற்றிப் பேசினார்கள். காமிராக்கள் முன்னமே வந்து காத்திருந்தன. காட்டிலிருந்து வந்தவர்கள் நடந்து வருவதும், பள்ளிக்கூடக் கட்டடத்துள் நுழைவதும் பதிவாயின. தேதி, இடம், ஆட்கள் மூன்றும் ஐயமற விளங்கும் அச்சுருள், தன் நிகழ்ச்சிக்கே நேர் சாட்சி. அதனோடு ஒப்பிடுகையில், சுங்கை சிப்புட்டுக்குக் காட்டப்படும் சுருள் தூரத்துச் சுற்றத்தாரின் வாக்குமூலம் போன்றது.

முன்னறிவிப்போடு நடப்பதையே காமிரா பிடிக்கிறது. அறிவிப்பில்லாமல் நடப்பது தப்பிவிடுகிறது. இதனால் உண்டாகும் சாய்வு சிறிதன்று. மாநாடும் அணிவகுப்பும் கட்டடத் திறப்பும் சுருளில் நிறைகின்றன. கொலையும் கைதும் வேலைநிறுத்தமும் நாடுகடத்தலும் குறைகின்றன. அகில மலாயாத் தொழிற்சங்க சம்மேளனத்தின் தலைவராயிருந்த எஸ். ஏ. கணபதி 1949 மே 4ஆம் தேதி புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். அதற்கு முதல்நாள் மற்றொரு தொழிற்சங்கத் தலைவராகிய வீரசேனன் சுட்டுக் கொல்லப்பட்டார். அத்தகைய மரணங்களைச் சொல்ல வரும் படத்துக்குப் புகைப்படமும் பத்திரிகைச் செய்தியும் உயிரோடிருப்பவர் நினைவுமே துணை. 1948 டிசம்பரில் பத்தாங் காலியில் 24 பேர் கொல்லப்பட்டதைப் பற்றி 1992இல் பிபிசி எடுத்த ஆவணப்படம், அந்நிகழ்ச்சியின் சுருள் இல்லாத நிலையிலும், சாட்சிகளின் முகங்களையும் சொற்களையும் கொண்டே பார்ப்பவர் மனத்தை உலுக்கிற்று.

அரசாங்கம் எடுக்காததைச் சில வேளை சிப்பாய்களின் சொந்தப் புகைப்படக் கருவி எடுத்துவிடுவதுண்டு. 1952 ஏப்ரலில் லண்டன் 'டெய்லி ஒர்க்கர்' பத்திரிகை, மலாயாவில் ஒரு கடற்படை வீரர் வெட்டுண்ட தலைகளைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்கும் புகைப்படத்தைப் பிரசுரித்தது. அது போலி என்று முதலில் மறுக்கப்பட்டது. பிறகு உண்மையானதே என்று அரசாங்கமே ஒப்புக்கொண்டது. பன்னிரண்டு ஆண்டுச் செய்திப்படங்கள் காட்டாததை அந்த ஒரே படம் காட்டிற்று.

சட்டத்தின் ஓரம்

நடைமுறைச் சங்கடங்கள் சிலவற்றையும் சுருக்கமாகக் குறிக்கவேண்டும். மலேசியாவின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் திரைப்படத்துக்கு ஐம்பது ஆண்டுப் பாதுகாப்பே அளிக்கிறது. ஆயினும் சுருளை வைத்திருப்போர் பிரதி தரக் கட்டணம் கேட்பார்கள். வெளிநாட்டுக் கிடங்குகளோ எத்தனை வினாடி, எந்த நாடுகள், எத்தனை வருஷம் என்று கணக்கிட்டு விலை சொல்லும். சிறு ஆவணப்படக்காரருக்கு இது பெரும் பாரம். 2014இல் பிரிட்டிஷ் பாத்தே தன் 85,000 துண்டுகளை யூடியூபில் ஏற்றியதும், பிரிட்டிஷ் சாம்ராஜ்யப் படங்கள் ஆறாயிரத்துக்கு மேற்பட்டவற்றின் அட்டவணையைப் பல ஸ்தாபனங்கள் சேர்ந்து வெளியிட்டதும் பார்ப்பதை எளிதாக்கின. பயன்படுத்தும் உரிமையை அவை இலவசமாக்கவில்லை.

விலையைவிட என்னை அதிகமாக வருத்துவது வேறொன்று. பழஞ்சுருளின் சட்டம் நான்குக்கு மூன்று என்ற அளவினது. இன்றைய தொலைக்காட்சித் திரையோ பதினாறுக்கு ஒன்பது. அகலத் திரை முழுவதும் நிரம்பவேண்டும் என்று படத்தைப் பெரிதாக்கும்போது, அதன் மேலும் கீழுமாகக் கால்பகுதி அறுபட்டுப் போகிறது. நடுவில் நிற்கும் துரையும் அதிகாரியும் அப்படியே இருப்பார்கள். கீழ் ஓரத்தில் குந்தியிருக்கும் லயத்துப் பிள்ளைகளும், தரையில் வைக்கப்பட்ட வாளிகளும், செருப்பில்லாத கால்களுமே போய்விடும். எந்த ஓரத்தில் நம்மவர்களைத் தேடவேண்டுமோ அந்த ஓரத்தையே நாம் வெட்டி எறிகிறோம். இருபுறமும் கறுப்புப் பட்டை விழுந்தாலும் குற்றமில்லை. பழஞ்சுருளை முழுச் சட்டமாகவே காட்டவேண்டும். அவ்வாறே, ஒவ்வொரு துண்டின் கீழும் அது எடுக்கப்பட்ட இடமும் ஆண்டும் எழுத்தில் வரவேண்டும். இடம் நிச்சயமில்லையெனில் அப்படியே எழுதவேண்டும். சுங்கை சிப்புட்டின் 1948 ஜூன் 16ஐச் சொல்லும் படம், அந்த இடத்தில் பிறர் ஊர்ச் சுருளைப் போடாமல், இன்று அந்த மண் இருக்கும் நிலையைக் காட்டி, அன்றைய நிகழ்ச்சியைக் குரலால் சொல்வதே முறை என்பது என் முடிவு.

துண்டாடி விற்கப்பட்ட தோட்டங்களின் லயங்கள் பல இடிந்துவிட்டன. எஞ்சியிருப்பவை வீடுகளில் உள்ளன: கோவில் திருவிழாவையும் கலியாணத்தையும் எடுத்த வீடியோ நாடாக்கள், எவரோ ஒருவர் வைத்திருந்த எட்டு மில்லிமீட்டர்ச் சுருள், 1954இல் விஜயலட்சுமி பண்டிட் வந்து சுங்கை சிப்புட்டின் மகாத்மா காந்தி கலாசாலையைத் திறந்துவைத்த நாளின் புகைப்படம் போன்றவை. நம் நாட்டு வெக்கையிலும் ஈரத்திலும் பிலிம் புளித்துக் காடிவாடை வீசத் தொடங்கும். காந்த நாடாவின் ஆயுள் சில பத்தாண்டுகளே. சுங்கை சிப்புட்டிலும் அதன் சுற்றுத் தோட்டங்களிலும் வாழ்ந்த குடும்பத்தார் இதை வாசிப்பீர்களானால், அவற்றை எடுத்துப் பிரதி செய்து, மூலத்தை ஆவணக் காப்பகத்திடமோ ஒரு நல்ல நூலகத்திடமோ ஒப்படையுங்கள். ஒப்படைக்குமுன், படத்திலுள்ள முகங்களை அடையாளம் சொல்லக்கூடிய மூத்தவர் இருக்கும்போதே, இடம், தேதி, பெயர் மூன்றையும் பென்சிலால் ஒரு தாளில் எழுதி அதனுடன் சேர்த்து வையுங்கள்.